சம்பூர்ணம் கோட்டை பார்த்த கதை

சம்பூர்ணத்திடம் ஒரு பொருளைக் காட்டி 'நல்லா இருக்கு' என்று சொல்லவைப்பது, சித்திரை மாதத்தில் பாலாற்றில் தண்ணீர் வரவைப்பதைவிடக் கடினம்.

பதினெட்டு வருடமாக அவள் ஆம்பூருக்குப் பக்கத்தில் ஒரு ஷூ தொழிற்சாலையில் கடைசி மேசையில் நிற்கிறாள். நிற்கிறாள் என்பதை அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள். அந்த மேசைக்கு நாற்காலி கிடையாது. வெட்டித் தைத்து ஒட்டி பாலிஷ் போட்டு வரும் ஷூ, பெட்டிக்குள் போவதற்கு முன் அவள் கையில் ஒரு சுற்று சுற்றும். தையல் ஓர் இழை விலகியிருந்தாலும், பசை ஒரு சொட்டு வழிந்திருந்தாலும், குறையைக் காட்டி நகத்தளவு சிவப்பு அம்பு ஸ்டிக்கர் ஒன்றை ஒட்டிவிடுவாள். அம்பு விழுந்த ஷூ வந்த வழியே திரும்பிப் போகும். சரிசெய்யப்பட்டு மறுபடி அவளிடமே வரும். அம்பை எடுக்கும் உரிமை அவளுக்கு மட்டும்தான். இடையில் வேறு யாராவது எடுத்தால் ஒருநாள் சம்பளம் வெட்டு என்று நிர்வாக மேலாளர் வேதாசலம் கையெழுத்துப் போட்ட அறிவிப்பு, கழிப்பறைக் கதவுவரை ஒட்டப்பட்டிருக்கிறது.

தொழில் கையோடு நின்றிருந்தால் பரவாயில்லை, வீட்டுக்கும் கூடவே வந்தது. இட்லித் தட்டில் ஓரம் உடைந்த இட்லியைத் தனியாக எடுத்துவைப்பாள். அவள் கணவன் நாகேந்திரன் ஒருநாள் முகச்சவரம் செய்துகொண்டு வேலைக்குப் போனான். டீக்கடைக் கண்ணாடியில் பார்த்தபோதுதான் தெரிந்தது, இடது தாடைக்குக் கீழே மழிக்காமல் விட்ட நாலு மயிரை நோக்கி ஒரு சிவப்பு அம்பு.

இப்படிப்பட்டவளுக்கும் ஓர் ஆசை இருந்தது. வேலூர்க் கோட்டைக்குள் போய், அவசரமில்லாமல், முழுதாக ஒரு தரம் பார்க்க வேண்டும்.

வேலூர் அவளுக்குப் புதிதல்ல. பதினாலு முறை போயிருக்கிறாள். மாமியாருக்குக் கண், மாமனாருக்குச் சிறுநீரகம், நாத்தனாருக்குப் பிரசவம், தனக்கு முதுகு. பதினாலு முறையும் ஆஸ்பத்திரி. ஒவ்வொரு முறையும் பஸ் கோட்டை அகழியை ஒட்டிப் போகும்போது, மடியில் ஸ்கேன் கவரோடு எட்டிப் பார்ப்பாள். அவ்வளவு பெரிய சுவர், அவ்வளவு தண்ணீர். உள்ளே என்ன இருக்கும்? நோயாளியோடு வந்தவளுக்கு அதைப் போய்ப் பார்க்க நேரம் ஏது? நோயாளி இல்லாமல் வேலூருக்கு வர லீவு ஏது?

அதனால்தான் நோட்டீஸ் பலகையில் 'தொழிலாளர் நலச் சுற்றுலா: வேலூர்' என்று பார்த்ததும், அதில் ஒரு குறையும் தேடாமல் முதல் ஆளாகப் பெயர் கொடுத்தாள்.

நலம் திடீரென்று முளைத்ததற்குக் காரணம் உண்டு. ஷூ வாங்கும் வெளிநாட்டுக்காரர்கள் ஆண்டுதோறும் தொழிலாளர் நலனுக்கு அத்தாட்சி கேட்பார்கள். போன வருடம் வேதாசலம் ஒரு பேனர் அடித்து, அதைத் தொழிற்சாலையின் கொல்லைப்புறத்தில் கட்டி, பன்னிரண்டு பேரை முன்னால் நிற்கவைத்துப் படம் எடுத்து, 'மைசூர் அரண்மனை வாசலில்' என்று அனுப்பிவைத்தார். மைசூர் அரண்மனைக்கு டீசல் ஜெனரேட்டர் எதற்கு என்று வெளிநாட்டிலிருந்து கேள்வி வந்தது. ஆகவே இந்த வருடம் நிஜமான ஊர், நிஜமான பஸ். சுற்றுலா திங்கட்கிழமை. அந்த ஒருநாள் விடுமுறைக்கு ஈடாக முந்தைய ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் வேலைக்கு வர வேண்டும். அவர்களுடைய ஞாயிற்றுக்கிழமையைப் பிடுங்கி அவர்களுக்கே பரிசாகக் கொடுத்துவிட்டு, வேதாசலம் கைதட்டல் எதிர்பார்த்து நின்றார்.

திங்கட்கிழமை காலை ஏழரைக்கு நாற்பது பேரும் பஸ்ஸில் ஏறியாயிற்று. பஸ் புறப்படவில்லை.

"இன்னா பாய், இன்னும் யாரு வரணும்?" என்று சம்பூர்ணம் டிரைவர் ஜியாவுல்லாவைக் கேட்டாள்.

"யாரும் வர வேணாம்மா. ராகு போவணும். ஒம்போது மணிக்குத்தான் போவுமாம்."

வேதாசலம் முன் சீட்டிலிருந்து திரும்பினார். "ஏழரையிலிருந்து ஒம்பது ராகு காலம். நல்ல காரியம் ஆரம்பிக்கக் கூடாது."

"சம்பூர்ணம் நேத்து ஞாயித்துக்கெழம நாலரைக்கு மேல ராகு காலத்துலதான் சார் ஷூ பாத்தா. நீங்க நிறுத்த சொல்லலியே" என்றாள் கோவிந்தம்மாள். அவள் பசை ஒட்டும் பிரிவு; சம்பூர்ணத்தோடு ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவள்.

"அது வேலைம்மா. இது பிரயாணம்."

வெயில் ஏறியதால் ஏசிக்காக எஞ்சின் ஓடிக்கொண்டே இருந்தது. டீசலை எரிக்கலாம், சக்கரம் உருளக் கூடாது என்பதுதான் ராகுவின் நிபந்தனை போலும். ஒன்றரை மணி நேரம் நாற்பது பேர் தங்கள் தொழிற்சாலையின் கேட்டையே சுற்றிப்பார்த்தார்கள்.

சுற்றுலா வழிகாட்டி வேலூர் நெடுஞ்சாலையில், ஊருக்குள் நுழைவதற்கு முன்பே ஏறிக்கொண்டார். பெயர் கார்முகிலன். அப்பா ஊர் ஊராகப் போய் மூடநம்பிக்கை ஒழிப்புக் கூட்டம் போட்டவர். மகன் மைக்கைப் பிடித்ததும் சொன்ன முதல் வார்த்தையோ, "கோட்டைக்குள்ள ஒரு மாயச் சுரங்கப்பாத இருக்குது, பன்னெண்டு கிலோமீட்டர்" என்பதுதான். சுரங்கம் இல்லாமல் சொன்னால் ஜனங்கள் தூங்கிவிடுகிறார்கள் என்பது அவருடைய அனுபவம்.

அன்றைய திட்டத்தை வேதாசலம் வாசித்தார். பொற்கோயில், மதிய உணவு, பிறகு கோட்டை. "கோட்டையில் கால் மணி நேரம். பேனரோட ஒரு போட்டோ. உடனே கிளம்பறோம். நாலு மணிக்கு நான் ஒரு வேண்டுதலுக்காக இன்னொரு கோயில் போகணும்."

"கால் மணி நேரத்துல அந்தக் கோட்டைய இன்னா சார் பாக்கறது?" என்றாள் சம்பூர்ணம்.

"சுவர்தானேம்மா. ஒரு சுவரைப் பார்த்தா மீதியெல்லாம் அதே மாதிரிதான்."

ஒரு ஷூவைப் பார்த்தால் மீதியெல்லாம் அதே மாதிரிதான் என்று தன் மேசையில் தான் சொல்லியிருந்தால் இவர் என்ன செய்திருப்பார் என்று சம்பூர்ணம் யோசித்தாள். வாயைத் திறக்கவில்லை. கால் மணி நேரம் என்பது பத்து நிமிடம் ஆகிவிடக் கூடாதே.

பொற்கோயிலில் நட்சத்திர வடிவப் பாதையில் நடந்து நடந்து மணி ஒன்று ஆனது. பொன்னைப் பார்த்த கோவிந்தம்மாள், "இவ்ளோ தங்கத்துக்கு எங்க ஊர்ல எத்தினி கக்கூஸ் கட்லாம்" என்று கணக்குப் போடத் தொடங்க, வேதாசலம் கன்னத்தில் போட்டுக்கொண்டார். மதியம் ஓர் உணவகத்தில் பிரியாணி. ஆம்பூர்க்காரர்களுக்கு வேலூரில் பிரியாணி வாங்கிக் கொடுக்கத் தோன்றியவரை என்ன சொல்வது? நாற்பது பேரும் பெண் பார்க்க வந்தவர்கள் மாதிரி ஒரு வாய் எடுத்துவிட்டு, ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். சம்பூர்ணம் எலும்பு ஒன்றின் மேல் அம்பு ஒட்டிவிட்டு எழுந்தாள். அம்புச் சுருள் எப்போதும் அவள் பர்ஸில் இருக்கும்.

இரண்டரைக்குக் கோட்டை வந்தது.

அகழியைத் தாண்டி வளைந்து போகும் வழியில் நுழையும்போது அவளுக்குக் கால் தரையில் பாவவில்லை. கருங்கல் மேல் கருங்கல். இரண்டு கல்லுக்கு நடுவே ஒரு முடி போகாது. பதினெட்டு வருடத்தில் முதல் முறையாக அவள் கை பர்ஸை நோக்கிப் போகவில்லை.

"நில்லு, நில்லு, எல்லாரும் இங்கியே நில்லு" என்று வேதாசலம் நுழைந்த இடத்திலேயே கையை நீட்டி மறித்தார். பேனரைப் பிரித்து இரண்டு பேரிடம் கொடுத்தார். "உயரமானவங்க பின்னாடி. சிரிச்ச முகமா இருக்கணும். எடுத்ததும் பஸ்."

சம்பூர்ணம் பேனரின் ஓரத்தில் நின்றாள். தலைக்கு மேல் கோட்டை. கண்ணோ பழக்க தோஷத்தில் பேனர் மேல் ஓடியது. ஓடிய கண் கீழ் மூலையில் நின்றது. யோசிப்பதற்குள் கை வேலையைச் செய்துவிட்டது. பேனரில் போட்டிருந்த தேதியை நோக்கி ஒரு சிவப்பு அம்பு.

அது போன வருடத்துத் தேதி. ஊர்ப் பெயர் அதில் இல்லை என்ற தைரியத்தில், காசை மிச்சம் பிடிக்க வேதாசலம் அதே மைசூர்ப் பேனரைச் சுருட்டிக்கொண்டு வந்திருந்தார்.

அம்பைப் பார்த்ததும் பேனரைப் பிடித்திருந்த இருவரும் அதைக் கீழே இறக்கினார்கள். வரிசை கலைந்தது. யாரும் சொல்லிக் கலையவில்லை. அம்பு விழுந்தால் சரக்கு நகராது என்பது அவர்கள் எலும்பில் ஊறியது.

"இன்னா பண்றீங்க, புடிங்க" என்று வேதாசலம் குனிந்து அம்பைப் பிய்க்கப் போனார்.

"சார்" என்றார்கள் நாற்பது பேரும் ஒரே குரலில்.

"ஒருநாள் சம்பளம் பூடும் சார்" என்றாள் கோவிந்தம்மாள், உண்மையான கவலையோடு. "கக்கூஸ் கதவுல போட்ருக்குது. உங்க கையெழுத்துதான்."

வேதாசலத்தின் கை அந்தரத்தில் நின்றது. பிறகு தேதியைப் பார்த்தார். முகம் தோல் பதனிடும் தொட்டியில் ஊறியதுபோல் ஆனது. இரண்டு வருடப் படத்திலும் ஒரே தேதி என்றால் வெளிநாட்டுக்காரன் ஜெனரேட்டரோடு விடமாட்டான்.

"வெள்ளைத் தாள் ஒட்டி மறைச்சிட்டா?"

"ஒட்டு போட்டா ரிஜெக்ட் சார்" என்றாள் சம்பூர்ணம். அது அவள் கருத்து அல்ல, விதி.

"புதுசா அடிக்கணும்னா ரெண்டு மணி நேரம் ஆகும்."

ரெண்டு மணி நேரம். அந்தச் சொல் காதில் விழுந்த பிறகுதான் சம்பூர்ணத்துக்குத் தான் செய்த காரியத்தின் முழு அளவு புரிந்தது. முகத்தை மிகவும் வருத்தமாக வைத்துக்கொண்டாள். "போய்ட்டு வாங்க சார். நாங்க எங்கியும் போவ மாட்டோம். இங்கியேதான் இருப்போம்."

வேதாசலம் ஆட்டோ பிடித்துப் போனார். நாற்பது பேரும் கோட்டையைப் பிடித்தார்கள்.

கோயில், தேவாலயம், மசூதி என்று ஒரே மதிலுக்குள் எல்லாவற்றையும் கார்முகிலன் காட்டிக்கொண்டு வந்தார். "இதோ, இங்கேருந்துதான் அந்த மாயச் சுரங்கம், இருபது கிலோமீட்டர்..."

"பஸ்ல பன்னெண்டுன்னீங்களே தம்பி. மத்தியானத்துக்குள்ள எட்டு கிலோமீட்டர் யாரு தோண்டுனது?"

சம்பூர்ணத்தின் அம்பு ஒன்று கார்முகிலன் சட்டைப் பையில் விழுந்தது.

இடையில் வேறொரு கூத்து. காதலர்கள் ஆணியால் பெயர் கீறிவிட்டுப் போன இடங்களைக் கண்டு சம்பூர்ணத்துக்குப் பொறுக்கவில்லை. கல்லின் மேல் ஒட்டக் கூடாது என்று கார்முகிலன் கெஞ்சியதால், பக்கத்திலிருந்த இரும்புக் கம்பிகளில் கீறலைக் காட்டி அம்பு ஒட்டிக்கொண்டே போனாள். கொஞ்ச நேரம் கழித்துத் திரும்பினால், பின்னால் சோளிங்கரிலிருந்து வந்த ஒரு பெரிய குடும்பம், கைக்குழந்தையும் புளிசாதத் தூக்குமாக, வழி காட்டும் அம்பு என்று நம்பி அதைப் பிடித்துக்கொண்டே வருகிறது. கடைசி அம்பு ஒரு வெறும் மூலையில் முடிந்தது. குடும்பத் தலைவர் 'கோபி, சோபனா' என்று கீறியிருந்ததை இரண்டு முறை உரக்கப் படித்தார்.

"எந்த வம்சம்மா இவுங்க? எந்த வருசம் ஆண்டாங்க?"

"ஆளல சார். ஆணி வாங்குனாங்க" என்றாள் சம்பூர்ணம். அதற்குள் அந்த வீட்டு அம்மாள் எதற்கும் இருக்கட்டும் என்று மூலையைக் கும்பிட்டுவிட்டு, குழந்தையின் நெற்றியில் கொஞ்சம் மண் எடுத்துப் பூசிவிட்டாள். நம் நாட்டில் ஒரு புண்ணியத் தலம் உருவாக இவ்வளவு நேரம்தான் ஆகிறது.

அம்பு பட்ட வழிகாட்டி அதற்குப் பிறகு சுரங்கத்தை விட்டுவிட்டார். ஒரு மர நிழலில் எல்லோரையும் உட்காரவைத்து, மைக் இல்லாமல் சொன்னார். "1806. இதே கோட்டை. கம்பெனிக்காரன் சிப்பாய்ங்களுக்குப் புதுத் தலப்பாக குடுத்தான். அதுல தோல்ல செஞ்ச ஒரு குஞ்சம். நெத்தியில குறி வெக்கக் கூடாது, தாடியும் இஷ்டத்துக்கு வெச்சிக்கக் கூடாதுன்னான். வேணாம்னு சொன்னவங்கள அடிச்சான். ஜூலை பத்தாந்தேதி விடியறதுக்கு முன்னாடி சிப்பாய்ங்க எழுந்துட்டாங்க."

தோல் என்றதும் நாற்பது பேரும் நிமிர்ந்தார்கள்.

"ஏன் வேணாம்னாங்க?" என்றாள் சம்பூர்ணம். "தையல் சரியில்லியா?"

"தோல் தலையில பட்டா தீட்டுன்னு சில பேரு. என்ன தோலோன்னு சில பேருக்குச் சந்தேகம். அது ஒண்ணு. எங்களக் கேக்காம எங்க தலையில எப்படி வெப்பன்னு கேட்டது இன்னொண்ணு."

சம்பூர்ணம் அந்தக் காரணங்களை ஷூவைப் போல ஒரு சுற்று சுற்றிப் பார்த்தாள். அவள் சோறு தோல் போட்ட சோறு. அவள் ஊரில் தோல் வாசனைக்காகவே வாசலில் நிற்கவைத்துத் தண்ணீர் கொடுத்த வீடுகள் உண்டு.

"மொத காரணம் ரிஜெக்ட்" என்றாள். "ரெண்டாவது பாஸ்."

பதினெட்டு வருடத்தில் யாரும் கேட்டிராத வேகத்தில் அந்த 'பாஸ்' வந்தது. கோவிந்தம்மாள் அவளைக் கிள்ளிப் பார்த்தாள். "அடியே, ஒனக்கு அந்த வார்த்த தெரியுமா?"

பொழுது நாலரை. எல்லாம் பார்த்தாயிற்று, மதில் மேல் ஏறுவது ஒன்றுதான் பாக்கி. முதல் படியில் கால் வைக்கும்போது வேதாசலம் மூச்சு வாங்க வந்து சேர்ந்தார். புதுப் பேனர், மை வாசனை போகவில்லை. அதைத் தன் கையாலேயே பிரித்து, கடைசி மேசைக்கு வரும் ஷூ போல, அவள் முன்னால் நீட்டினார்.

"பாரும்மா. பாஸ்தானே?"

தேதி சரி. எழுத்து சரி. நாலு மூலையும் நேர். பாஸ் என்று சொன்னால் போட்டோ. போட்டோ என்றால் பஸ். சம்பூர்ணம் ஒரு குறை தேடினாள், கிடைக்கவில்லை. பொய்க் குறை சொல்ல அவளுக்கு வராது, அந்தத் தொழில் தர்மம் அவளிடம் உண்டு. ஆனால் நல்ல வெளிச்சம் இல்லாமல் எதையும் பார்த்துச் சொல்லக் கூடாது என்பதும் தொழில் தர்மம்தான்.

"இங்க மர நெழலு சார். வெளிச்சம் கம்மி. மேல எடுத்துட்டு வாங்க."

"மேலயா?"

"மதில் மேல. அங்க நல்லா தெரியும்."

வேதாசலம் பேனரைத் தோளில் போட்டுக்கொண்டு ஏறினார். பின்னால் நாற்பது பேர் ஏறினார்கள். மேலே காற்று அள்ளிக்கொண்டு போனது. அகழித் தண்ணீர் கீழே பச்சையாகச் சுற்றி வந்தது. அதற்கு அப்பால் ஊர், ஊருக்கு அப்பால் மலைகள். அகழி ஓரமாக ஒரு பஸ் போனது. யாரோ ஜன்னலில் தலை நீட்டி மேலே பார்த்தார்கள். சம்பூர்ணம் கையை ஆட்டினாள்.

காற்றில் அடித்துக்கொண்ட பேனரை வேதாசலம் இரண்டு கையாலும் பிடித்தபடி அவள் முகத்தைப் பார்த்தார். அவள் பேனர் பக்கமே திரும்பவில்லை. ஐந்து நிமிடம் ஆனது. பத்து ஆனது. யாரும் அவசரப்படுத்தவில்லை. கை வலித்ததும் பேனரை மடித்துக் கீழே போட்டு, அதன் மேலேயே உட்கார்ந்துகொண்டார் வேதாசலம். ஷூவைக் கழற்றிக் காலை நீட்டினார்.

"வேண்டுதலுக்கு நேரமாச்சும்மா" என்றார்.

"ஆவட்டும் சார்" என்று சொல்லிவிட்டு, சம்பூர்ணம் மதில் மேலேயே மறுபக்கம் பார்க்க நடந்தாள்.