முதலில் இடது கண்

துணி மடிக்கிற வேலை அந்த வீட்டில் அக்காவுடையது. தங்கை மடித்தால் அக்கா அதைப் பிரித்து மறுபடி மடிப்பாள். எதற்கு இரட்டை வேலை என்று தங்கை எப்போதோ கை கழுவிவிட்டாள். மாடிக் கொடியிலிருந்து அள்ளி வந்ததைக் கட்டிலில் கொட்டி, துண்டென்றால் மூன்றாக, சட்டையென்றால் கைகளை உள்ளே தள்ளி, காலுறையென்றால் ஜோடி தேடி, வாயும் கையும் சேர்ந்தே ஓடும் அக்காவுக்கு. அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கை மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

ஜன்னலோரத்து நாற்காலியில் ஆறிப்போன காப்பியோடு தங்கை உட்கார்ந்திருந்தாள். அவளே எழுதி, அவளே நடித்த ஆறு பாகத் தொடர் வெள்ளிக்கிழமை வெளிவந்திருந்தது. அன்றைக்கே அக்கா இரண்டு பாகம் பார்த்து, வழக்கம்போலக் கிழித்துத் தோரணம் கட்டினாள்.

"ஏண்டி, அந்த ஆள் ஒரு வாரமா வீட்டுப் பக்கமே வரலங்கிற. முகம் மட்டும் பளபளன்னு இருக்கே, எந்த மரத்தடியில ஷேவ் பண்ணினான்?"

சனிக்கிழமை மருந்துக்கடை வேலை முடிந்து வந்து மூன்றையும் நான்கையும் பார்த்தாள். ஐந்தாவதைப் போடவில்லை. அதற்குப் பிறகு "சாப்பிட்டியா", "கேஸை மூடினியா" தவிர அவளிடமிருந்து பேச்சே கிடையாது.

நான்காவது பாகத்தில் ஓர் ஆஸ்பத்திரி அறை வரும்.

ஏழு வருஷத்துக்கு முன்னால் அக்காவுக்கு ஒரு மகன் இருந்தான். சான்றிதழில் என்னவோ பெரிய பெயர். எந்நேரமும் துண்டில் சுற்றியே கிடந்ததால் தங்கை அவனைப் 'பொட்டலம்' என்பாள். கடைசியில் எல்லோருக்கும் அதுவே பெயராகிவிட்டது. பிறக்கும்போதே இதயத்தில் கோளாறு. ஐந்து மாதம் இருந்தான். கடைசி நாள் அத்தான் வெளியூரில் இருந்தார். டாக்டர் எழுதிக் கொடுத்த ஊசி மருந்தை வாங்க அக்கா கீழே போனாள். மருந்துக் கவுன்ட்டரில் வரிசை நகரவில்லை. அவள் மாடி ஏறி வந்தபோது குழந்தை தங்கையின் மடியில் அடங்கியிருந்தான்.

அக்கா கேட்டது ஒன்றே ஒன்றுதான். "அழுதானா?"

"இல்லக்கா. தூங்கினான். அப்படியே போயிட்டான்."

அக்கா அதைப் பிடித்துக்கொண்டாள். துக்கம் கேட்க வந்தவர்களிடம், "தூக்கத்துலயே போயிட்டான், கஷ்டப்படல" என்று அவளே ஆறுதல் சொன்னாள். அடுத்த வருஷம் வேலையென்று போன அத்தான் போனவர்தான். அப்போதும், பிள்ளை தூக்கத்தில் போனான் என்பதைச் சொல்லித்தான் மனதைத் தேற்றிக்கொண்டாள். பிறகு மருந்துக்கடையில் வேலைக்குச் சேர்ந்தாள். கைக்குழந்தையின் பெயரில் சீட்டு வந்தால் வரிசையை உடைத்து முன்னால் கூப்பிடுவாள். மற்றவர்கள் முணுமுணுப்பார்கள். முதலாளி கண்டுகொள்வதில்லை.

குழந்தை போய் மூன்று மாதம் கழித்து, தங்கையின் கல்லூரித் தோழி ஒருத்தி டிவி சீரியலுக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று போனாள். துணைக்கு இவளையும் இழுத்துப் போனாள். துணைக்குப் போனவளையும் வரிசையில் நிறுத்திவிட்டார்கள். ஒவ்வொருத்திக்கும் கண்ணுக்குக் கீழே கிளிசரின் தடவி அழச் சொன்னார் டைரக்டர். இவள் முறை வந்தபோது பாட்டில் காலி. உதவியாளன் வேறு பாட்டில் தேடிக்கொண்டிருந்தான். இவள் சும்மா நின்றாள். மடியில் கனம் மாறிய அந்த நிமிஷம் ஞாபகத்துக்கு வந்தது. உயிரோடு இருக்கும்போது குழந்தைக்கு அவ்வளவு கனம் இல்லை. இடது கண்ணிலிருந்து ஒரு சொட்டு இறங்கியது. பிறகு வலது கண்ணில். பிறகு நிற்கவில்லை.

"யாருப்பா இது, குழாயைத் திறந்துவிட்ட மாதிரி?" என்றார் கேமராமேன்.

அன்றிலிருந்து படப்பிடிப்புத் தளத்தில் அவள் பெயர் குழாய். "குழாய் வந்தாச்சா?" "கேமராவை அவ இடது பக்கம் வை, முதல்ல அங்கதான் கொட்டும்." நானூறு சொச்சம் நாள் அந்த சீரியல் ஓடியது. புருஷன் ஏமாற்றியதற்கும், மாமியார் துரத்தியதற்கும், கோர்ட்டுத் தீர்ப்புக்கும், காணாமல்போன நாய்க்கும்கூட அவள் அழுதாள். எல்லாவற்றுக்கும் அந்த ஒரே நிமிஷத்திலிருந்துதான் எடுத்தாள்.

"அப்படி என்னத்தைத்தான் நினைச்சு அழுவ?" என்று அக்கா ஒருமுறை கேட்டாள்.

"உன் சமையலைத்தான்."

"அடிக் கழுதை! அப்ப சம்பளத்துல எனக்குப் பாதி குடு."

இரண்டு பேரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள்.

இரண்டாம் வருஷம் ஒருநாள் கண் வறண்டுவிட்டது. நினைத்துப் பார்த்தாள், வரவில்லை. திரும்ப நினைத்தாள். பாடம் ஒப்பிப்பது போல இருந்தது. "பாட்டிலை எடுத்துட்டு வாப்பா, குழாய்ல தண்ணி நின்னுபோச்சு" என்று டைரக்டர் சத்தம் போட, எல்லோரும் சிரித்தார்கள். இவளுக்கு மானமே போனது. மேக்கப் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு யோசித்தாள். அவன் என் விரலைப் பிடித்தானா? பிடித்திருப்பான். குழந்தைகள் பிடிக்குமே. பிடித்தான் என்று வைத்துக்கொண்டாள். வந்து, ஒரே டேக்கில் அழுதாள்.

விரல் ஆறு மாதம் தாங்கியது. பிறகு அவள் நினைப்பில் அவன் கண்ணைத் திறந்தான். அதுவும் தேய்ந்தபோது, திறந்த கண் வாசல் பக்கம் திரும்பியது. அது இன்றுவரை தேயவில்லை.

எழுத வந்ததும் ஒரு வாய்த்துடுக்கால்தான். "அண்ணே, பாத்திரம் தேய்க்கிறவ 'என் இதயம் சுக்குநூறாகிவிட்டது'ன்னா சொல்லுவா?" என்று வசனகர்த்தாவிடம் கேட்டாள். "அப்ப நீயே எழுதிக்கோ தாயே, எனக்குத் தலைவலி மிச்சம்" என்று அவர் பேனாவை நீட்டினார். கேலிக்குத்தான் நீட்டினார், இவள் வாங்கிக்கொண்டாள். ஒரு காட்சி எழுதினாள், பிறகு ஒரு வாரத்துக்கான காட்சிகள், பிறகு முழுக்கதை. பாத்திரம் தேய்க்கிறவள் இவள் எழுத்தில் "அந்தக் கரண்டியை இப்படித் தள்ளு" என்று மட்டும் சொல்வாள். பார்க்கிறவர்கள் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள்.

ஆஸ்பத்திரிக் காட்சியை அவள் பணத்துக்காகவோ பெயருக்காகவோ எழுதவில்லை. எழுதி இறக்கிவிட்டால் அவனைத் தொந்தரவு செய்யாமல் இருக்கலாம், இனி எல்லோரையும் போலப் பாட்டிலை வைத்து அழலாம் என்றுதான் நினைத்தாள். சித்தி வேஷத்தில் அவளே நடித்தாள். மடியில் பாதி நேரம் பொம்மை, கிட்டத்தில் எடுக்கும்போது மட்டும் யாருடையதோ நிஜக் குழந்தை. அது கண்ணை விழித்து வாசலைப் பார்த்தது. வாசலில் யாரும் இல்லை. கட் சொல்ல டைரக்டருக்கு மறந்துபோனது. அன்றைக்கு அவளை யாரும் குழாய் என்று கூப்பிடவில்லை.

அக்காவிடம் முன்னாலேயே சொல்லியிருக்க வேண்டும். நாளைக்கு நாளைக்கு என்று வெள்ளிக்கிழமை வந்துவிட்டது.

அக்கா கடைசித் துண்டை எடுத்தாள். மடிக்கவில்லை.

"சின்னவளே."

"சொல்லுக்கா."

"அந்தக் குழந்தை வாசலைப் பார்க்குதே."

"அது கதைக்கா."

"கதையா?" அக்காவின் குரல் உயரவில்லை. "பக்கத்துக் கட்டில்காரி ஸ்வெட்டர் பின்னிக்கிட்டு இருந்தா. அது கதையா? ஃபேன் கடகடன்னு அடிச்சுது. டாக்டர் வலது கால் செருப்பைத் தேய்ச்சுத் தேய்ச்சு நடப்பாரு. அத்தனையும் அப்படியே எழுதி வச்சிருக்க. இது ஒண்ணுதான் கதையா?"

தங்கை காப்பித் தம்ளரைக் கீழே வைத்தாள்.

"தூங்கினான்னு சொன்ன என்கிட்ட."

"ஆமாக்கா. தூங்கினான்."

சொல்லும்போதே அவளுக்குக் கேட்டது. 'ஆமாக்கா'வுக்கும் 'தூங்கினான்' என்பதற்கும் நடுவில் சரியான இடைவெளி, குரலில் சரியான இறக்கம். முதல் டேக்கிலேயே ஓகே ஆகிற வசனம். அது அக்காவுக்கும் கேட்டுவிட்டது. ஏழு வருஷமாக ஒரு நாள் விடாமல் அவள் நடிப்பைப் பார்த்தவள்.

"நடிக்காம சொல்லுடி." அக்கா துண்டை மார்போடு பிடித்துக்கொண்டாள். "அவன் என்னைத் தேடினானா?"

தங்கை தன் நினைவுக்குள் போய்த் தேடினாள். விரல் இருந்தது. திறந்த கண் இருந்தது. வாசல் இருந்தது, படப்பிடிப்பில் அதன்மேல் அடித்த விளக்கு முதற்கொண்டு. அதற்கெல்லாம் அடியில் முதல் நாளின் அந்த நிமிஷம் இருக்க வேண்டும். கையை விட்டுத் துழாவினாள், இல்லை. தூங்கினான் என்று பத்தொன்பது வயதில் சொன்னாளே, அது கண்ணால் பார்த்ததா, இல்லை மூச்சு வாங்க மாடி ஏறி வந்த அக்காவின் முகத்தைப் பார்த்துச் சொன்னதா? அதுவும் தெரியவில்லை. இல்லையென்று தலையாட்டலாம். அதுவும் நடிப்பாகத்தான் இருக்கும்.

இடது கண்ணிலிருந்து ஒரு சொட்டு இறங்கியது.

அது கன்னத்தில் ஓடி மோவாய்க்கு வரும்வரை அக்கா டிவியில் பார்ப்பது போலப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு வலது கண்ணும் நிறைந்தது. அக்கா கையிலிருந்த துண்டை மூன்றாக மடித்து மற்றவற்றின்மேல் வைத்தாள். கூடையைத் தூக்கி இடுப்பில் ஏற்றிக்கொண்டு வாசல்வரை போனவள், அங்கே ஒரு நிமிஷம் தயங்கி, திரும்பிப் பார்க்காமல் வெளியே போனாள்.