கீரைக்கார அம்மாவை எழுப்பிவிட்டது யார்?

மூன்று வருடங்களுக்கு முன்பு, மே மாதம். காரைக்குடியில் ஒரு பள்ளியில் ஆசிரியையாக இருக்கிறேன். கணவர் இறந்துவிட்டார், மகன் வெளிநாட்டில். வாடகை வீட்டில் நான் மட்டும்தான். கோடை விடுமுறையில் என்னோடு பேச ஆளே இருக்காது. காலையில் வரும் கீரைக்கார அம்மாதான் கீரைக்கட்டைக் கையில் கொடுத்துவிட்டு, சாப்பிட்டாச்சா என்று கேட்டுவிட்டுப் போவார்.

குளியலறை கொல்லையில் தனியாக இருந்தது. அன்று குளிக்கப் போனபோது காற்றில் தகரக் கதவு படாரென்று அடித்துக்கொண்டது. அடித்த வேகத்தில் வெளித் தாழ்ப்பாள் விழுந்து மாட்டிக்கொண்டது. செல்போன் வீட்டுக்குள் இருந்தது. கதவைத் தட்டித் தட்டிக் கத்தினேன். பக்கத்தில் இருப்பதோ கல்யாணம் காட்சி என்றால் மட்டும் திறக்கிற பெரிய வீடு. யாருக்குக் கேட்கும்?

உச்சி வெயிலில் ஆஸ்பெஸ்டாஸ் கூரை அனலாகக் கொதித்தது. குரல் அடைத்துவிட்டது, தலை சுற்றியது. மகன் இனி ஞாயிற்றுக்கிழமைதான் பேசுவான் என்று நினைவு வந்தபோது, பயத்தைவிட அழுகைதான் வந்தது. அப்படியே ஈரத்தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

"டீச்சரம்மா, எங்க இருக்கீக?"

கீரைக்கார அம்மாவின் குரல். பலவீனமாகக் கதவைத் தட்டினேன். திறந்து, என்னைத் தாங்கிப் பிடித்து நிழலுக்குக் கூட்டிவந்து தண்ணீர் கொடுத்தார். மதியத்தில் வராத நீங்கள் இன்று எப்படி வந்தீர்கள் என்று கேட்டேன்.

"சொன்னா நம்ப மாட்டீக. வீட்ல படுத்திருந்தேன். செத்துப்போன எம் மக தோளைத் தொட்டு எழுப்பினா. டீச்சர் வீட்டுக் கொல்லைப் பக்கம் போய்ப் பாரும்மான்னா. வந்துட்டேன்."

அவர் வீடு ரயில்வே கேட்டுக்கு அங்குட்டு. நான் கத்தியது அங்கே கேட்டிருக்க வழியே இல்லை.

மகனிடம் சொன்னேன். ஏதோ வேலையாக இந்தப் பக்கம் வந்திருப்பார் என்றான். பள்ளியில் சொன்னேன், சிரித்தார்கள். பிறகு யாரிடமும் சொல்வதை விட்டுவிட்டேன்.

ஆனால் அந்த அம்மா இப்போதெல்லாம் கூடையை இறக்கி வைத்துவிட்டுச் சற்று நேரம் உட்காருகிறார். மகள் நேற்று என்ன சொன்னாள் என்று சொல்கிறார். இதை வேறு யாரிடமும் சொன்னதில்லையாம், பைத்தியம் என்பார்களாம். நான் நம்புகிறேனா என்று எனக்கே தெரியவில்லை. யாரும் நம்பாத ஒன்றை மனதில் வைத்துக்கொண்டு தனியாக இருப்பது எப்படி இருக்கும் என்று தெரிந்துவிட்டதால், அவர் சொல்லி முடிக்கும்வரை நான் எழுந்து போவதில்லை.