டனூதாவின் முகமில்லாப் படம்

கமெரா தூக்குகிறவனுக்கு முதுகுவலியும் ஏச்சும் நிச்சயம். மற்றவர் பிடிவாதத்துக்குத் தோள் கொடுத்துச் சம்பளம் வாங்குகிறவர்களே, என் பாடு உங்களுக்கு விளங்கும்.

மூச்சு

பாரிஸில் எங்கள் தமிழ்க் கடைகள் நிறைந்த லா சப்பலில் கலியாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்த என்னை, அங்கே வேலை செய்யும் எங்கள் ஆட்களைப் பற்றிய தன் படத்துக்குக் கூப்பிட்டவர் டனூதா. போலந்துப் பெண்மணி, விவரணப் படக்காரர். அவர் படங்களில் பின்னணிக் குரல் இல்லை, இசை இல்லை. முதல் படம் முழுக்கச் சலவை ஆலைப் பெண்களின் கைகள். கமெராவை ஊன்றிவிட்டு ஏதாவது நடக்கும்வரை காத்திருப்பார். ஒன்றும் நடக்காவிட்டால் அதையும் படத்தில் சேர்ப்பார்.

முதல் நாள் ஒரு கொத்து ரொட்டிக் கடையில் எடுத்தோம். முதலாளி ரொட்டி கொத்தும் தகடுகளைக் கீழே வைத்து, சேர்ட்டை இழுத்துவிட்டு, போட்டோவுக்கு நிற்பதுபோல விறைத்து நின்றார். அசையலாம் என்று சொல்லப் போன என்னை டனூதா மறித்துவிட்டார். கமெரா ஓடிக்கொண்டே இருந்தது. கடைசியில் முதலாளி உதடு அசையாமல் சொன்னார்: "தம்பி, எடுத்து முடிஞ்சால் சொல்லும், நான் மூச்சு விடோணும்."

வாக்கு

ரஞ்சி அக்கா ரூ பெர்தொனே தெருவில் ஒரு சாறிக்கடையின் பின்னறையில் சட்டை தைப்பவர். அகதி வழக்கு தள்ளுபடியாகி, விசா இல்லாமல் இருந்தார். முகம் தெரியக்கூடாது என்ற நிபந்தனையில்தான் சம்மதித்தார். விசா இல்லாத மற்றவர்களும் அதையே கேட்டார்கள்.

படத்துக்குக் காசு போட்டவர், முகம் இல்லாவிட்டால் யார் பார்ப்பார்கள் என்று சண்டைக்கு வந்தார். விரும்பினால் விலகலாம் என்று டனூதா சொல்லிவிட்டார். சம்பளம் போய்விடுமே என்று, கொஞ்சம் விட்டுக்கொடுக்கச் சொல்லி டனூதாவிடம் கேட்டுப் பார்த்தேன். "நான் ரஞ்சிக்குத்தான் வாக்குக் கொடுத்தேன், அவருக்கு இல்லை" என்றார்.

ஊசி

காசுக்காரர் போன பிறகு, டனூதா வகுப்பெடுத்துச் சம்பாதித்துப் படத்தை நடத்தினார். அவர் இன்னும் பிலிம் சுருளில்தான் எடுக்கிறார். குளிர்காலம் முழுக்க, நகருக்கு வெளியே ஒபர்வில்லியேயில் ஒரு அறையில் குந்தியிருந்து, பிலிமில் இருந்த முகங்களை ஊசியால் ஒவ்வொன்றாகச் சுரண்டினார். திரையில் முகம் இருக்கவேண்டிய இடத்தில் வெள்ளைக் கீறல்கள் துடித்தன. பரிசோதனைப் படம் எடுக்கும் அவருடைய நண்பர்கள் பார்த்துச் சொக்கிப்போனார்கள். நானும்தான்.

ஒரு ஞாயிறு ரஞ்சி அக்காவுக்குக் காட்டினோம். அவர் கண்ணைப் பொத்திக்கொண்டார். எங்கள் வீடுகளில் ஆகாதவர்களின் முகத்தைத்தான் போட்டோவில் கீறுவார்கள். "ஒளிக்கத்தான் சொன்னனான், அழிக்கச் சொல்லேல்லை" என்றார்.

கிட்ட

பார்க்கிற வெள்ளைக்காரருக்கு இது தெரியவா போகிறது, விடுங்கள் என்று டனூதாவிடம் சொன்னேன். அவர் அந்தக் குளிர்கால உழைப்பைப் பெட்டியில் போட்டு மூடிவிட்டு, எப்படி மறைந்துகொள்ள விருப்பம் என்று ஒவ்வொருவரிடமும் போய்க் கேட்டார். ஒரு சமையல்காரர் இடியப்ப ஆவிக்குப் பின்னால் நின்றார். ரஞ்சி அக்கா தைத்துக்கொண்டிருந்த துணியை முகத்துக்கு நேரே பிடித்தார். முதலிலிருந்து எல்லாவற்றையும் எடுத்தோம்.

படம் முடிந்து விழாக்களுக்கு அனுப்புகிற நேரத்தில் அக்காவுக்கு மேன்முறையீட்டில் விசா கிடைத்தது. புதுச் சாறியோடு எங்கள் அறைக்கு வந்து நின்றார். டனூதா, முடித்த படத்தை இன்னொரு காட்சிக்காகத் திரும்பத் திறந்தார். நான் பழக்கதோஷத்தில் கமெராவைத் தூரத்தில் ஊன்றினேன். அக்கா சிரித்தார், எனக்குக் கண் கலங்கிவிட்டது. "கிட்ட வாரும் தம்பி, முகத்தை வடிவா எடும்" என்றார்.

எத்தனையோ கலியாணங்களில் ஆயிரம் முகங்களை எடுத்த எனக்கு, ஒரு முகத்தை எப்படி எடுப்பதென்று விளங்க, முகமே இல்லாத ஒரு படத்தை இரண்டு தரம் எடுக்கவேண்டியிருந்தது.