கதிரையில் போட்ட பொன்னாடை

வெள்ளைக்காரன் ஆண்ட காலம். பருத்தித்துறைக் கடலில் நடந்த நீச்சல் போட்டியில் நான் முதலாவதாகக் கரையேறினேன். வெல்பவனுக்குக் ‘கடல்வேந்தன்’ பட்டமும் பொன்னாடையும் தருவதாக அறிவித்திருந்தார்கள்.

மேடையில் தலைவராக இருந்தவர் அரசாங்கத்திடம் முதலியார் பட்டம் வாங்கிய பெரிய மனிதர். "எங்கடை மண்ணின்ரை பெருமை!" என்று என்னை வாயாரப் புகழ்ந்தார். பொன்னாடையை விரித்தபடியே, "தம்பி ஆற்றை மகன்?" என்று கேட்டார்.

மீன்பிடிக்கும் என் தகப்பனாரின் பெயரைச் சொன்னேன். விரித்த கை மடங்கியது. பொன்னாடையைப் பக்கத்தில் யாரும் உட்காராத கதிரையில் போட்டார்.

"அதிலை கிடக்கு. எடுத்துக்கொண்டு போ."

என் தோளைத் தொட்டால் அவருக்குத் தீட்டாம். அருவருப்பில் எனக்கு வயிறு குமட்டியது.

"உங்கடை பட்டத்தையும் அதிலையே வையுங்கோ" என்று சொல்லிவிட்டு இறங்கி நடந்தேன்.

"அண்ணை, நில்லுங்கோ!"

போட்டியில் இரண்டாவதாக வந்தவன் ஓடிவந்தான். முதலியாரின் சொந்த மருமகன் அவன். அந்த வீட்டார் எங்களை அண்ணை என்று கூப்பிட்டதே இல்லை. எல்லோரும் பார்க்க என்னைக் கட்டிப்பிடித்தான்.

"உங்களை நீந்திப் பிடிக்கலாமெண்டு கடைசி மட்டும் பாத்தன். ஏலாமல் போச்சு" என்றான்.

பிறகு கொழும்பிலும் வென்றேன். பட்டம் தர வந்தவர்களைத் திருப்பி அனுப்பினேன். அன்று கட்டிப்பிடித்த அவனை நினைத்தால் மனம் ஆறுகிறது. ஆனாலும் யாராவது மேடையேறி என்னைப் புகழத் தொடங்கினால், எனக்கு முதலில் வருவது குமட்டல்தான்.