கண்ணைக் கட்டி எடுத்த படம்

எண்பதுகளின் கடைசியில் ஒரு சிறு படம் எடுத்தேன். கதையோ வசனமோ கிடையாது. யார் சொன்னாலும் அப்படியே நம்பாதே, உன் அறிவைக் கொண்டு யோசி என்ற ஐரோப்பிய அறிவொளிக் காலத் தத்துவத்தை வெறும் வெளிச்சத்தாலும் நிழலாலும் சொல்லிவிட வேண்டும் என்று ஆசை.

மரக்காணம் உப்பளத்தில் வேலை செய்துகொண்டிருந்த செல்வி அக்காவிடம், கண்ணைக் கட்டிக்கொண்டு வரப்பில் நடக்கச் சொன்னேன். நடுவில் கட்டை அவிழ்க்க வேண்டும். அதுதான் அறிவு விழிக்கும் இடம்.

"கண்ணக் கட்டிக்கினு எதுக்குங்க நடக்கணும்?" என்று கேட்டார்.

"அதெல்லாம் உங்களுக்குப் புரியாதுக்கா. சொன்னதைச் செய்யுங்க" என்றேன்.

நடந்தார். கொஞ்ச தூரத்திலேயே கால் தவறிப் பாத்தியில் விழுந்தார். முழங்கை உரிந்து, உப்புத் தண்ணீர் பட்டதும் அலறிவிட்டார். ஓடிப்போய்த் தூக்கியிருக்க வேண்டும். காட்சி அழகாக அமைந்துவிட்டதே என்று கேமராவை நிறுத்தாமல் நின்றேன். கூட வேலை செய்த பெண்கள்தான் ஓடிவந்து தூக்கினார்கள்.

புதுச்சேரியில் திரையிட்டபோது அந்தக் காட்சிக்குத்தான் கைதட்டல்.

"இதை எப்படி யோசிச்சீங்க சார்?" என்றார் ஒருவர்.

அறியாமையின் வீழ்ச்சி என்று நீளமாக விளக்கினேன். படத்துக்கு ஒலி கிடையாது என்பது வசதியாகப் போயிற்று. செல்வி அக்கா அலறியது அந்த அரங்கில் எனக்கு மட்டும்தான் கேட்டது.