அச்சில் இல்லாத கடை

நவமணியின் ஆள்காட்டி விரல் வரிக்கு அடியில் நகர்ந்துகொண்டிருந்தால், அவள் வாசிப்பது பத்திரிகையில் உள்ள கதை. விரல் நின்றுவிட்டால், கதை நவமணியுடையது. குரலில் எந்த மாற்றமும் இருக்காது. இதைக் கண்டுபிடிக்க எனக்கு மூன்று ஞாயிற்றுக்கிழமைகள் ஆயின. சுற்றி உட்கார்ந்திருக்கும் பெண்களில் பாதிப் பேருக்கு எழுத்துத் தெரியாது. மீதிப் பேர் பக்கத்தில் இருப்பவளின் தலையில் பேன் பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

புக்கிட் ரோத்தானிலிருந்து உள்ளே தள்ளியிருக்கும், எண்ணெய்க்காக வளர்க்கும் செம்பனைத் தோட்டம் அது. மத்தியானம் மூன்று மணிக்கு தொழிலாளர் லயத்தின் கடைசி வீட்டு நிழலில் பாய் விரியும். இரண்டு வீடுகளில் வீடியோ வந்துவிட்ட பிறகும் கூட்டம் குறையவில்லை. எல்லாம் ஞாயிறு பத்திரிகையின் தொடர்கதைக்காக. ஒரு வாரக் கதையில், கணவனால் வேண்டாமென்று தள்ளப்பட்ட ஒருத்தி கடலை நோக்கி நடந்துகொண்டிருந்தாள். விரல் நின்றது. "ஜெராம் கடற்கரையை அடைந்தபோது அவளுக்குக் கடும் பசி எடுத்தது. அங்கே ஒரு மீன் கடையில் 'ஆள் தேவை' என்ற அட்டை தொங்கிக்கொண்டிருந்தது" என்று சுத்தமான எழுத்துத் தமிழில் வாசித்தாள் நவமணி.

மறுவாரம் பத்திரிகையில் அந்தப் பெண்ணுக்குக் கருமாதி நடந்தது. நவமணி அசரவில்லை. மாலை போட்ட படத்தை மாமியாருடையதாக்கிவிட்டாள். மருமகள் மீன் கடையில் அரை நாள் லீவு சொல்லிவிட்டு வந்து, முறைக்குக் கொஞ்சம் அழுதுவிட்டு, கடைசி பஸ்ஸைப் பிடித்துப் போனாள். கூட்டம் திருப்தியோடு கலைந்தது.

அந்தக் கதாசிரியருக்கு அவள் ஒரு தபாலட்டைகூடப் போட்டிருக்கிறாள். "ஐயா, உங்கள் கதையில் வேண்டாத பொம்பளைகள் எல்லாரும் தண்ணீரிலேயே போய் விழுகிறார்களே, அந்த ஊரில் பஸ் ஓடாதா?" பதில் வரவில்லை.

நவமணிக்கு வயது நாற்பத்தெட்டு. மரத்தடியில் சிதறிக் கிடக்கும் உதிரிப் பழங்களைப் பொறுக்கிச் சாக்கில் கட்டுவது வேலை. ஆண்களின் முழுக்கைச் சட்டை, அதன் கீழே சாரோங், தலையில் துண்டு. மூக்குக் கண்ணாடி உண்டு. ஆனால் வாசிக்கும்போது அதைக் கழற்றிவிடுவாள். தூரத்தில் யார் வருகிறார்கள் என்று பார்க்கத்தான் கண்ணாடி. கிட்டத்தில் இருப்பதெல்லாம் அவளுக்கு ஏற்கெனவே தெரியும் என்பாள்.

இருபது வருஷத்துக்கு முன் சுங்கை ஆயர் தாவாருக்கு வாழ்க்கைப்பட்டுப் போனவள், இரண்டே வருஷத்தில் எட்டு மாதக் கைக்குழந்தையோடும் ஒரு தகரப் பெட்டியோடும் பஸ் ஏற்றி அனுப்பப்பட்டாள். "என்னைய ரிட்டன் டிக்கெட் எடுத்துத்தான் கட்டிக்கிட்டுப் போயிருக்கான் லா, எனக்குத்தான் தெரியல" என்பாள். "ஆனா பொட்டி அவனுது. இன்னும் குடுக்கல." அந்தக் கைக்குழந்தை இப்போது ராவாங்கில் தொழிற்சாலை வேலைக்குப் போகிறது. ஆறு வருஷம் நாடு நாடாகச் சுற்றிவிட்டு இந்தத் தோட்டத்தில் வந்து தங்கியிருந்த என்னையும் அவள் விடவில்லை. "இத்தன ஊருக்குப் போனியே தங்கச்சி, ஒரு ஊர்லயாச்சும் ஒன்னைய இருந்துட்டுப் போன்னு சொல்லலியா?"

சிக்கல் என்னவென்றால், நவமணியின் விரல் ஆலயத்திலும் நிற்கும்.

முன்பு, வேலைக்குப் போகிறவர்களின் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாக்கொட்டகையாக இருந்த கட்டடம்தான் தோட்டத்தின் சிற்றாலயம். போதகர் கிள்ளானிலிருந்து மாதம் ஒருமுறைதான் வருவார். மற்ற ஞாயிறுகளில் தோட்டத்துக் கணக்கெழுதி ஓய்வுபெற்ற கிராணி செல்லையா ஜெபிப்பார், நவமணி வேதம் வாசிப்பாள். முன்பு இரண்டையுமே செல்லையாதான் செய்துகொண்டிருந்தார். காலைப் பெரட்டில் ஆள் கணக்குக்குப் பெயர் கூப்பிடுவதுபோலவே வேதத்தையும் வாசிப்பாராம். ஒருநாள் கண்ணயர்ந்திருந்த கிழவர் ஒருவர் "இருக்கேங்க ஐயா" என்று எழுந்து நின்றுவிட்டார். அதன் பிறகுதான் புத்தகம் நவமணியின் கைக்கு வந்தது. அலமாரிச் சாவியை மட்டும் செல்லையா விடவில்லை.

வேதத்தில் வேண்டாத பெண்கள் நிறைய இருக்கிறார்கள் என்பது நவமணி சொல்லித்தான் எனக்குத் தெரியும். கண் மங்கலான ஓர் அக்காள். அவளை மணந்தவன் தங்கைதான் வேண்டும் என்று ஒற்றைக் காலில் நின்றான். நவமணி அவளுக்குக் கண்ணாடி போட்டுவிட்டாள். இன்னொருத்தி, வீட்டு வேலைக்காரி. எசமானுக்குப் பிள்ளை பெற்றுக் கொடுத்தவள். எசமானி பேச்சைக் கேட்டு அவர் அவளையும் பிள்ளையையும் ஒரு தோல் துருத்தித் தண்ணீரோடு வனாந்தரத்துக்குத் துரத்திவிட்டார். நவமணி அவளுக்கு ஒரு சாப்பாட்டுக் கடை வைத்துக் கொடுத்தாள்.

அந்தக் கடையை அவள் வைத்தது, லயத்துப் பெண் வேலம்மா பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தாய்வீட்டுக்குத் திரும்பி வந்த வாரத்தில். வேலம்மா ஞானஸ்நானம் எடுத்தவள் அல்ல, கதைக்காக ஆலயத்துக்கு வருகிறவள். இரண்டு மாதம் யோசித்தாள். பிறகு தோட்டத்துச் சந்தியில் நான்கு கம்பு நட்டு, தகரம் போட்டு, காலை வேளையில் தேங்காய்ப்பால் சோறான நாசி லெமாவும் வடையும் விற்க ஆரம்பித்துவிட்டாள். கேட்டவர்களிடமெல்லாம், "வேதத்துலயே அந்த அம்மா கடை வச்சாங்களே" என்றாள். நவமணி அப்போதெல்லாம் வேறு பக்கம் பார்த்தாள்.

இந்த வருஷம் புதுப் போதகர் வந்தார். கேள்வி கேட்டுப் பிரசங்கம் செய்கிறவர்.

"வனாந்தரத்துக்குப் போன அந்த வேலைக்காரப் பெண் பிறகு என்ன ஆனாள்? யாராவது சொல்லுங்க பார்ப்போம்."

வேலம்மா எழுந்தாள். "கடை வச்சாங்க, பாஸ்டர்."

"என்ன கடை?"

"சாப்பாட்டுக் கடைதான். ஒட்டகத்துல போற யாவாரிங்க எல்லாரும் அங்கதான் சாப்புடுவாங்க."

"தொரத்திவுட்ட எசமானியும் பின்னாடி ஒரு நாளு வந்து சாப்புட்டாங்க," என்று பக்கத்து பெஞ்சுப் புஷ்பவள்ளி சேர்ந்துகொண்டாள். "கொழம்புல உப்ப அள்ளிக் கொட்டிக் குடுத்தாங்க."

"கொட்டல லா. ஒரு சிட்டிகைதான் கூட," என்று வேலம்மா திருத்தினாள்.

"அந்தக் கண்ணு மங்கலான அக்காவுக்கும் கண்ணாடி போட்டாச்சு, பாஸ்டர்," என்றாள் இன்னொருத்தி.

போதகர் மேசையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். "இதெல்லாம் எந்த அதிகாரத்துல வருது?"

"அதெல்லாம் நவமணி அக்காவுக்குத்தான் தெரியும்," என்றாள் வேலம்மா.

நவமணி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஜன்னலுக்கு வெளியே தூரத்தில் யாரோ வருவதைப்போலப் பார்த்தாள். யாரும் வரவில்லை.

போதகர் நல்ல மனிதர், கத்தவில்லை. மாத முறைக்குக் காத்திராமல் இரண்டு வாரத்தில் மறுபடி வருவதாகவும், அன்றைக்கு அதே பகுதியை நவமணி எல்லார் முன்னிலையிலும் உள்ளது உள்ளபடி வாசிக்க வேண்டும் என்றும் சொன்னார். ஒரு வார்த்தை கூடினாலும் குறைந்தாலும் புத்தகம் கிராணியாரிடம் போய்விடும். செல்லையா சட்டைப் பையிலிருந்த சாவியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

"அப்ப கடை இல்லீங்களா, பாஸ்டர்?" என்றாள் வேலம்மா.

"இல்லைம்மா."

மறுநாள் சந்தியில் கடை திறக்கவில்லை. அதற்கு மறுநாளும் இல்லை. தோட்டத்து ஆட்கள் வெறும் வயிற்றோடு லோரி ஏறிப் போனார்கள். "சாமி பொஸ்தகத்துலயே இல்லாத கடைய நான் மட்டும் எதுக்கு வச்சிக்கிட்டு?" என்று வேலம்மா கதவைச் சாத்திக்கொண்டாளாம்.

அந்த வாரம் செம்பனை வரிசைகளுக்கு நடுவே நவமணியின் பின்னாலேயே நடந்தேன். அவள் குனிந்து பொறுக்கினாள், நான் நின்று கேட்டேன்.

"உள்ளத வாசிச்சா என்னக்கா?"

"உள்ளது என்னன்னு எனக்குத் தெரியாதே."

"என்னது?"

"பதினெட்டு வருசத்துக்கு முன்னாடி வாசிச்சேன். அந்தப் பஸ்ல வந்து எறங்குன மாசம். தண்ணி தீந்துபோச்சு, புள்ளைய ஒரு செடிக்கடியில போட்டுட்டு, அது சாவுறதப் பாக்க முடியாம தூரமா போயி குந்திக்கிட்டு அழுதாள்னு இருந்துச்சு. மூடிட்டேன். அதுக்கு மேல படிக்க எனக்கு என்ன கிறுக்கா?" ஒரு பழத்தை முள்ளோடு சேர்த்துப் பிடித்துவிட்டாள். கையை உதறினாள். "எனக்குத் தெரியும் லா என்ன இருக்கும்னு. பத்திரிகைல நான் பாக்காத கதையா?"

நான் வேண்டுமானால் முன்கூட்டியே படித்துச் சொல்லட்டுமா என்றேன். வேண்டாம் என்றாள். முன்கூட்டித் தெரிந்தால் அன்றைக்கு எழுந்து நிற்கமாட்டாளாம். சாக்கைக் கட்டும்போது என்னைப் பார்க்காமலே கேட்டாள். "பொஸ்தகத்தப் புடுங்கிட்டாங்கன்னா ஞாயித்துக்கெழம நான் எங்க போயி நிப்பேன், சொல்லு?" அவளிடம் நான் கேட்ட கேள்விகளுக்குக் கேலி இல்லாமல் வந்த ஒரே பதில் அந்தக் கேள்விதான்.

போதகர் சொன்ன ஞாயிறு ஆலயத்தில் உட்கார இடமில்லை. முருகன் கோயில் ஆட்கள்கூட வாசலில் நின்றார்கள். வேலம்மா பிள்ளையோடு கடைசி பெஞ்சின் ஓரத்தில், பாதி எழுந்தவள்போல உட்கார்ந்திருந்தாள்.

நவமணி வாசித்தாள். விரல் சீராக நகர்ந்தது. ரொட்டியும் துருத்தியும் வந்தன, வனாந்தரம் வந்தது, தண்ணீர் தீர்ந்தது, செடி வந்தது. தாய் தூரத்தில் போய் உட்கார்ந்து சத்தமிட்டு அழுதாள். அங்கே வந்ததும் நவமணி நிறுத்தினாள்.

"இதுக்கு மேல வேணாமே, பாஸ்டர்."

"வாசிங்கம்மா."

செல்லையா தொண்டையைக் கனைத்தார். நவமணி அடுத்த வரிக்குப் போனாள். பிள்ளையின் அழுகையைக் கடவுள் கேட்டார். வானத்திலிருந்து ஒரு குரல் அந்தத் தாயைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு, உனக்கு என்ன என்று விசாரித்தது. பயப்படாதே, எழுந்து பிள்ளையைத் தூக்கிக்கொள் என்றது. அவள் கண் திறந்தது; எதிரே ஒரு கிணறு இருந்தது. நவமணியின் குரல் ஏறிக்கொண்டே போனது. தண்ணீரை மொண்டு பிள்ளைக்குக் கொடுத்தாள். அவன் வளர்ந்தான், வில் வித்தைக்காரன் ஆனான்.

"ஐயே, போதும்க்கா!" என்று பின்னாலிருந்து வேலம்மா கத்தினாள். "பாஸ்டர் முன்னாடியே அடிச்சு வுடுறியே!"

கூட்டம் சிரித்தது. போதகர் எழுந்து வந்து அவள் தோளுக்கு மேலாகப் பார்த்தார். "அப்படியேதான் இருக்கு," என்றார். யாரும் நம்பவில்லை. இரண்டாவது முறை சொன்னார்.

"மவனுக்குப் பொண்ணும் அவளே பாத்துக் கட்டி வச்சிருக்கா, பாஸ்டர்! யாரையும் கேக்கல!" என்றாள் நவமணி, புத்தகத்திலிருந்து கண்ணை எடுக்காமல். பிறகு செல்லையாவின் பக்கம் திரும்பினாள். "கிராணியாரே, ஒங்களுக்கு இது தெரியுமா?"

"தெரியும்."

"பதினெட்டு வருசமா தெரியுமா? ஒரு வார்த்த சொல்றதுக்கென்ன?"

செல்லையா போதகரைப் பார்த்தார். போதகர் கூரையைப் பார்த்தார்.

வேலம்மா இப்போது முழுவதுமாக எழுந்து நின்றிருந்தாள். "கெணறு இருக்குன்னு போட்டிருக்கா, பாஸ்டர்? நெசமாவா?"

"நிஜமாத்தான்மா."

"அப்ப சரி. தண்ணி இருந்தா கடை வைக்கலாம்."

போதகர் ஆசீர்வாதம் சொல்லக் கையைத் தூக்கினார்.

ஆராதனை முடிந்ததும் செல்லையா அலமாரியைத் திறந்து வைத்துக்கொண்டு, புத்தகத்துக்காகக் கையை நீட்டினார். இனி வாசிப்பது யார் என்று போதகர் இன்னும் சொல்லவில்லை. நவமணி புத்தகத்தை மூடினாள். தலைத்துண்டை அவிழ்த்து அதில் சுற்றினாள். "எங்கெங்க பாதியில வுட்டேனோ அதையெல்லாம் பாக்கணும், கிராணியாரே," என்று சொல்லிக்கொண்டே வெளியே நடந்து, சைக்கிள் கேரியரில் வைத்து, டியூப் வாரால் இரண்டு சுற்றுச் சுற்றி முடிச்சுப் போட்டு, அசைகிறதா என்று ஒரு தட்டுத் தட்டிப் பார்த்துவிட்டு, ஏறி மிதித்தாள்.