மாலை போட்ட படம்

சிந்தாதிரிப்பேட்டையில் போர்டு எழுதிக்கொண்டிருந்தவன் நான். அப்புறம் சினிமாவுக்கு செட் பெயின்டர். அப்புறம் கலை இயக்குநர். படிப்பு கம்மி. போன வருடம் ஒரு டிவி சீரியலை நானே தயாரித்தேன். செட் வேலையும் நானே.

கதையில் நாயகியின் அப்பா இறந்துபோனவர். கூடத்தில் அவர் படம் மாட்ட வேண்டும். மாலை போட்ட படத்துக்கு முகம் கொடுக்க யாரும் லேசில் வர மாட்டார்கள். ஒத்துக்கொண்ட ஒரு வயதான நடிகரும் ஷூட்டிங் அன்று காலையில் வேண்டாம் என்று போன் செய்துவிட்டார். அடையாறில் எடுத்திருந்த வாடகை வீட்டில் லைட் எல்லாம் வைத்தாகிவிட்டது. என் பழைய போட்டோவைப் பெரிதாக்கி, மயிலாப்பூரில் பிரேம் போட்டு, சந்தன மாலையோடு மாட்டினேன். கண்ணாடி மேல் குங்குமப் பொட்டும் நானே வைத்தேன்.

வீட்டில் சொல்லவில்லை. சீரியல் ஆரம்பித்த அன்றே மனைவி பார்த்துவிட்டாள்.

“இன்னாயா இது? குத்துக்கல்லாட்டம் நான் ஒருத்தி உக்காந்துகினு கீறேன். நீ மாலைய போட்டுக்கினு தொங்குறே.”

“வேஷம்தான்.”

“வேஷம்னா மூஞ்சில பவுடர் போடு.”

அதோடு அவள் அந்த சீரியலைப் பார்ப்பதை விட்டுவிட்டாள்.

சில மாதம் கழித்து சைதாப்பேட்டை ஸ்டேஷன் படியில் ஏறும்போது நெஞ்சை அடைத்தது. ஆஸ்பத்திரியில் மறுநாள் காலை இதய டெஸ்டுக்கு வரச் சொன்னார்கள். காலையில் ஆட்டோவில் ஏறியதும் மனைவி டிரைவரிடம், “மொதல்ல அடையாறு போ, நைனா,” என்றாள்.

ஷூட்டிங் வீட்டில் நாற்காலி போட்டு ஏறினாள். மாலையைக் கழற்றினாள். முந்தானையால் பொட்டைத் துடைத்தாள். உதவி இயக்குநர் ஓடி வந்தார்.

“அண்ணி, நேத்து எடுத்த சீன்ல மாலை இருக்கு, கன்டினியூட்டி போயிடும்.”

“எனக்கு ஆளே பூடும்.”

அவர் நாற்காலியைப் பிடித்துக்கொண்டார்.

டெஸ்ட் முடிந்து டாக்டர் ரிப்போர்ட்டைப் பார்த்துவிட்டு, இதயம் நன்றாக இருக்கிறது, அசிடிட்டிதான், வேளைக்குச் சாப்பிடுங்கள் என்றார். மனைவி இன்னொரு தரம் கேட்டு உறுதி செய்துகொண்டாள். வெளியே வந்து இட்லி வாங்கி என் முன்னால் வைத்தாள்.

“துன்னு.”

தின்றேன். எங்கும் அடைக்கவில்லை. அதற்குள் இயக்குநர் போன் செய்தார்.

“அண்ணே, மாலை இல்லாம எப்டிண்ணே எடுக்கிறது?”

“அப்பா சாவலைன்னு மாத்திடு. எங்கியோ போயிட்டாரு. தப்பா நெனச்சிட்டாங்க.”

“இத்தினி மாசமா அழுதாங்களேண்ணே.”

“அழுதது அழுதுட்டாங்க. விடு.”

இப்போது மனைவி தினமும் சீரியல் பார்க்கிறாள். முந்தாநாள் என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

“போட்டோ கோணலா கீது. இத்தினி வருசமா செட்டு போடுறே, ஒரு படம் நேரா மாட்டத் தெரில.”

“நீ மாலைய இழுத்ததுதான்,” என்றேன்.

அவள் சேனலை மாற்றவில்லை.